பச்சைக்கல் தூண்

வீட்டுக் கூடத்தில் இரண்டு கல்தூண்கள் நிறுத்த வேண்டும் என்று நான் சொன்னபோது பொறியாளர் என்னைச் சற்று நேரம் பார்த்துவிட்டு, "எதைத் தாங்குறதுக்கு சார்?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். மேல்தளத்தை அவர் போட்ட கான்கிரீட் கால்களே தாங்கிக்கொண்டிருந்தன. "அம்மாவை" என்றேன். அவர் அதை வேடிக்கைப் பேச்சாக எடுத்துக்கொண்டு சிரித்தார்.

அம்மாவுக்குக் கண் அழுத்த நோய். பார்வை ஓரங்களிலிருந்து சுருங்கிச் சுருங்கி, எண்பதை நெருங்கும்போது வெளிச்சம் எது இருட்டு எது என்று மட்டும் தெரிகிற நிலைக்கு வந்துவிட்டது. ஆனால் திருக்கழுக்குன்றம் பக்கத்தில் இருந்த எங்கள் பழைய வீட்டில் அவள் பார்வையற்றவள் என்பது வந்துபோகிற விருந்தாளிகளுக்குத் தெரியாது. முற்றத்தைச் சுற்றி எட்டுக் கல்தூண்கள். வாசலிலிருந்து அடுப்படிக்கு ஐந்து தூண், அடுப்படியிலிருந்து கிணற்றடிக்கு மூன்று. ஒன்றைத் தொட்டு, விட்டு, நான்கடி வைத்து, அடுத்ததைத் தொடுவாள். கையில் சொம்பு இருந்தாலும் புறங்கையால் தூணை உரசிக்கொண்டு போய்விடுவாள்.

2018இல் பாகப்பிரிவினை நடந்தது. யாரும் யாரையும் ஏமாற்றவில்லை, நான்கு பங்கும் சமம்தான்; சமமாகப் பிரிக்க வேண்டுமென்றால் வீட்டை விற்றுத்தான் ஆகவேண்டும் என்பதால் விற்றோம். அம்மா தாம்பரத்துக்கு அப்பால் இருக்கும் என் வீட்டுக்கு வந்தாள். என் வீட்டின் பெருமையே அதன் கூடம்தான். இருபத்திரண்டு அடி நீளம், நடுவில் ஒரு தடையும் கிடையாது. கட்டும்போது அப்படித்தான் வேண்டும் என்று பிடிவாதமாகக் கேட்டுவாங்கினேன். மூன்றாவது மாதம் அந்தத் தடையற்ற வெளியின் நடுவில் அம்மா விழுந்து மணிக்கட்டை முறித்துக்கொண்டாள்.

மருத்துவர் சுவரோரமாக எஃகுக் கைப்பிடி பொருத்தச் சொன்னார். பொருத்தினோம். அம்மா அதைத் தொடவில்லை. "ஆஸ்பத்திரில இருக்கற மாதிரி இருக்குடா" என்றாள். அதற்குப் பிறகு அவள் நடப்பதையே குறைத்துக்கொண்டாள். காலையில் நாற்காலியில் உட்கார வைத்தால் மாலை வரை அங்கேயே இருப்பாள். தூண் என்ற யோசனை அப்போதுதான் வந்தது.

என் மனைவியிடம் சொன்னேன். அவள் உடனே ஒத்துக்கொண்டது எனக்கு வியப்பாக இருந்தது. ஒரே ஒரு நிபந்தனை: தூண் பச்சையாக இருக்க வேண்டும். ஒரு வீட்டலங்காரப் பத்திரிகையில் பச்சைப் பளிங்குத் தூண்கள் நிற்கும் கூடம் ஒன்றின் படத்தைப் பார்த்து வைத்திருந்தாள். அம்மாவுக்கு நிறம் தெரியப்போவதில்லை; பார்க்கப்போகிறவர்கள் நாங்கள். எனவே நிறத்தை நாங்கள் தேர்ந்தெடுப்பதில் தவறொன்றும் இருப்பதாக அப்போது எனக்குத் தோன்றவில்லை.

அடுத்த நான்கு மாதங்கள் சனி ஞாயிறுகளில் கல் கடைகளில் அலைந்தேன். வேறெந்த வணிகத்திலும் பொருளின் பெயருக்கும் பொருளுக்கும் இவ்வளவு தூரம் இருந்து நான் பார்த்ததில்லை. பச்சை மார்பிள் என்று விற்கப்படுவது பெரும்பாலும் மார்பிளே அல்ல. மார்பிள் என்பது சுண்ணாம்புக் கல் வெந்து இறுகியது. கடையில் கிடைக்கும் பச்சை, செர்பன்டைன் என்ற வேறு இனம். பூமியின் அடியிலிருந்து மேலே வந்த, மக்னீசியம் மிகுந்த கரும்பாறை, நீரை உறிஞ்சிக்கொண்டு மாறி உண்டானது. பாம்புத்தோல் போன்ற வரியும் வழவழப்பும் இருப்பதால் பாம்பின் பெயரை வைத்திருக்கிறார்கள். அதேபோல் பச்சை கிரானைட் என்று விற்கப்படும் பலவும் புவியியல்காரர்களின் கணக்கில் கிரானைட் அல்ல. கடைக்காரருக்குக் கணக்கு எளிது: கத்தி கீறினால் மார்பிள், கீறாவிட்டால் கிரானைட்.

முதல் கடையில் பணியாளர் பலகைக் கல்லின்மேல் ஒரு குவளைத் தண்ணீரை வீசி ஊற்றினார். மங்கிக் கிடந்த கல், மழை பெய்த தோப்பு மாதிரி சட்டென்று பச்சையாயிற்று. நான் மயங்கிவிட்டேன். என் மனைவி, "காயட்டும், பிறகு பார்க்கலாம்" என்று ஒரு பிளாஸ்டிக் நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்துகொண்டாள். காய்ந்த பிறகு அது பழைய சிமெண்ட் நிறத்துக்குத் திரும்பிற்று. ஈரக் கல்லைப் பார்த்து முடிவு செய்யக்கூடாது என்பதும், கடையின் விளக்கில் பார்க்காமல் ஒரு துண்டை வீட்டுக்கு எடுத்துவந்து, தூண் நிற்கப்போகும் இடத்தில் காலை ஒருமுறை இரவு ஒருமுறை வைத்துப் பார்க்க வேண்டும் என்பதும் அன்று அவள் வகுத்த விதிகள்.

இன்னொரு கடையில் மரகதம் போன்ற ஒரு கல். நம்ப முடியாத பச்சை. நம்ப முடியாததால் ஒரு நண்பர் சொல்லியிருந்தபடி பஞ்சில் அசிட்டோனைத் தொட்டு, அறுத்த ஓரத்தில் தேய்த்தேன். பஞ்சு பச்சையாகிவிட்டது. வெளிர்நிறக் கல்லுக்குச் சாயம் ஏற்றியிருக்கிறார்கள். பணியாளர் கொஞ்சமும் கலங்காமல், "எல்லா கல்லுக்கும் கொஞ்சம் மேக்கப் உண்டு சார்" என்றார். அது முழுப்பொய்யும் அல்ல. நல்ல செர்பன்டைனுக்கே விரிசல்களில் பிசின் ஊற்றி, முதுகில் வலை ஒட்டித்தான் சந்தைக்கு அனுப்புகிறார்கள். இல்லாவிட்டால் அறுக்கும்போதே உதிர்ந்துவிடும்.

உண்மையான பச்சைக்கும் தொல்லை உண்டு. செர்பன்டைனைத் தண்ணீர் கலந்த சாதாரண சிமெண்டில் ஒட்டினால் பலகை நீரைக் குடித்து வளைந்துகொள்ளும். இரண்டு பாகமாக வரும் எபாக்சிப் பசையில்தான் ஒட்ட வேண்டும். இதை அறியாத ஒரு மேஸ்திரி என் அலுவலக நண்பர் வீட்டில் கான்கிரீட் தூணைச் சுற்றிப் பச்சைக்கல் போர்த்தினார். ஒரு மழைக்காலம் போனதும் ஓரங்கள் அப்பளம் பொரிந்த மாதிரி மேலே எழும்பிக்கொண்டன.

முழுக்கல்லாகவே தூண் வாங்கினால் போர்த்துகிற தொல்லை இல்லை. ஆனால் ஒரு அடி விட்டமும் ஒன்பதடி உயரமும் உள்ள முழுக்கல் தூண் ஒன்று ஐந்நூறு கிலோவைத் தாண்டும். தரையைத் தோண்டி அடித்தளம் போடாமல் நிறுத்த முடியாது. மாடியில் நிறுத்துவதைப் பொறியாளரிடம் கேட்காமல் நினைத்தும் பார்க்கக்கூடாது. எங்களுடையது தரைத்தளம் என்பதால் தப்பித்தோம்.

நம் நாட்டுப் பச்சைக் கல்லில் பெயர்பெற்றது உதயப்பூருக்குத் தெற்கே ரிஷபதேவ் வட்டாரத்தில் கிடைப்பது. வங்கி வேலையில் இரண்டு ஆண்டுகள் உதயப்பூரில் இருந்தபோது அந்த ஊருக்குப் போயிருக்கிறேன். அங்குள்ள சமணக் கோயிலில் ஆதிநாதருக்குக் குங்குமப்பூச் சாத்தி வழிபடுவதால் ஊருக்குக் கேசரியாஜி என்றும் பெயர். மூர்த்தி கருங்கல். அதனால் சுற்றுவட்டார பில் பழங்குடி மக்கள் அவரைக் காளாஜி என்று தங்கள் தெய்வமாகக் கொண்டாடுகிறார்கள். காவிப் பெயர், கரிய கடவுள், பச்சை மலை. அப்போது எனக்குக் கல் வாங்கும் எண்ணம் எதுவும் இல்லை. நினைவில் நிற்பது, அறுவைப் பட்டறைகளிலிருந்து வழிந்த சேறு காய்ந்து வெளுத்துக் கிடந்ததும், அதன் தூசு படிந்த புருவத்தோடு தேநீர் குடித்துக்கொண்டிருந்த ஆட்களும்தான். செர்பன்டைன் பாறையில் சிலசமயம் கல்நார் இழையோடியிருக்கும். கல்லில் நார் என்று தமிழில் எவ்வளவு சரியாகப் பெயர் வைத்திருக்கிறார்கள்! மெருகிட்டு வீட்டில் நிற்கும் தூணால் யாருக்கும் கேடில்லை. அறுக்கும்போது பறக்கிற தூசுதான் நுரையீரலில் தங்குகிறது. கல்லறுக்கும் தொழிலாளர்களின் நுரையீரல் நோய்க்கென்று ராஜஸ்தான் அரசு 2019இல் தனிக் கொள்கையே வகுக்க வேண்டியிருந்தது. கடைகளில் பச்சைப் பலகைகளைத் தட்டிப் பார்க்கும்போதெல்லாம் அந்தப் புருவங்கள் நினைவுக்கு வரும். வந்தன என்பதற்காக நான் வாங்காமல் திரும்பினேன் என்று சொல்லமாட்டேன். விலைதான் என்னைத் திருப்பி அனுப்பியது.

பச்சைத் தூண் மோகம் நம்மோடு தொடங்கியதல்ல. இஸ்தான்புல்லின் ஹகியா சோபியா அருங்காட்சியகமாக இருந்த காலத்தில் ஒருமுறை போயிருந்தேன். 2020 முதல் அது மீண்டும் பள்ளிவாசல். 537இல் கட்டி முடிக்கப்பட்ட அந்த மண்டபத்தின் இரு பக்கமும் பெரிய பச்சைத் தூண்கள் நிற்கின்றன. அதுவும் செர்பன்டைன் இனம்தான், கிரேக்கத்தின் தெசலியிலிருந்து கப்பலேறி வந்தது. எபேசு நகரத்து ஆர்ட்டெமிஸ் கோயிலிலிருந்து எடுத்துவந்தவை என்று நெடுங்காலம் கதை சொன்னார்கள். கதை பொய்யென்று கல்லே காட்டிக்கொடுத்துவிட்டது. ரஷ்யாவின் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் புனித ஐசக் பேராலயத்தில் மாலகைட் தூண்கள் எட்டு உண்டு. மாலகைட் செம்பின் பச்சை, மென்மையான கல். முழுத்தூணாக அது கிடைக்காது. உள்ளே இரும்பு, மேலே மெல்லிய சில்லுகளை வரி பொருந்த ஒட்டி இழைத்திருக்கிறார்கள். ஜார் மன்னரின் செல்வமே பச்சையைப் போர்த்திக்கொள்ளத்தான் போதுமானதாக இருந்தது என்பதில் எனக்கு ஓர் அற்ப ஆறுதல்.

நம்மிடம் பச்சைக் கல்லென்றால் உத்தரகோசமங்கை மரகத நடராசர். ஆண்டு முழுவதும் சந்தனக் காப்புக்குள் இருந்துவிட்டு ஆருத்ரா தரிசனத்தின்போது மட்டும் பச்சையைக் காட்டுகிறவர். தூணென்றால் நமக்கு நிறம் முக்கியமாக இருந்ததாகத் தெரியவில்லை. சதுரமா, எட்டுப்பட்டையா, வட்டமா என்பதும், கலசம், தாடி, குடம், பலகை, போதிகை என்று அங்கம் பிரிப்பதும்தான் சிற்பிகளின் கவலை. கல்லைத் தேர்ந்தெடுக்கும்போதுகூடத் தட்டிப் பார்த்து, ஓசையைக் கேட்டு, ஆண்கல் பெண்கல் என்று பிரித்தார்கள். தூணுக்குச் சங்கத் தமிழில் கந்து என்று பெயர். ஊர்ப் பொதுமன்றத்தில் நட்ட கந்தில் தெய்வம் உறைவதாக நம்பினார்கள். மணிமேகலைக்கு முன்பிறப்பையும் வரப்போவதையும் சொல்வது ஒரு தூணிலிருக்கும் கந்திற்பாவைதான். இரணியனின் மாளிகைத் தூணைச் சொல்லவே வேண்டாம். தூணுக்குள் யாரோ இருக்கிறார்கள் என்ற எண்ணம் நமக்குப் பழையது. இதையெல்லாம் அப்போதே நான் யோசித்திருக்கலாம்.

2021 தொடக்கத்தில் பழைய வீட்டை வாங்கியவர் தொலைபேசியில் அழைத்தார். வீட்டை இடித்துவிட்டதாகவும், தூண்கள் கிடப்பதாகவும், "ஞாபகத்துக்கு வேணும்னா ரெண்டு எடுத்துக்கங்க" என்றும் சொன்னார். நல்ல மனிதர். நானும் மாமல்லபுரத்தில் பட்டறை வைத்திருக்கும் ஒரு சிற்பியும் சிறு பாரவண்டியோடு போனோம். எட்டுத் தூண்களும் வேலியோரமாகப் படுத்திருந்தன. ஒவ்வொன்றும் எட்டடி உயரம், முக்காலடிச் சதுரம், ஏறத்தாழ முந்நூற்றைம்பது கிலோ. மண்ணும் புகையும் படிந்து, பழுப்பாக, உளி பொளிந்த புள்ளிகளோடு. வீட்டில் நின்றபோது எனக்கு ஒவ்வொன்றும் தெரியும் என்று நினைத்திருந்தேன். படுத்துக் கிடக்கும்போது எது எங்கே நின்றதென்று சொல்ல முடியவில்லை. விரிசல் இல்லாத இரண்டைச் சிற்பி சுத்தியால் தட்டித் தேர்ந்தெடுத்தார்.

வண்டியில் ஏற்றும்போது சங்கிலி நழுவி ஒரு தூணின் அடிமுனை உள்ளங்கை அளவு உடைந்தது. உடைந்த முகத்தைப் பார்த்து நான் அப்படியே நின்றுவிட்டேன். உள்ளே பச்சை. எண்ணெய் தடவியது போன்ற, கருமையோடு கூடிய ஆழ்ந்த பச்சை.

"பல்லாவரம் கல்லுங்க ஐயா. எங்க பக்கம் எல்லாம் இதுதான். வெளிய வெயிலும் காத்தும் பட்டா பழுப்பாயிடும். உள்ள இப்படித்தான் இருக்கும்" என்றார் சிற்பி.

அந்தக் கல்லுக்கு அறிவியல் உலகில் பெயர் சார்னோக்கைட். கல்கத்தாவில் இறந்த ஜோப் சார்னாக் என்ற கிழக்கிந்தியக் கம்பெனிக்காரரின் கல்லறையில் இருப்பதும் சென்னைப் பக்கத்துப் பாறையும் ஒன்றே என்று கண்ட தாமஸ் ஹாலண்ட் என்ற புவியியலாளர், செத்தவரின் பெயரைக் கல்லுக்கு வைத்துவிட்டார். பல்லாவரத்துக்காரர்களுக்கு இதில் வருத்தம் இருக்க நியாயமுண்டு. பூமியின் மேலோட்டின் ஆழத்தில், கடும் வெப்பத்தில் உருவாகி மேலே வந்த பாறை. வயது ஏறத்தாழ 250 கோடி ஆண்டுகள். பரங்கிமலையில் இந்தப் பாறை நிற்கும் இடத்தைத் தேசியப் புவியியல் நினைவுச்சின்னமாக அறிவித்திருக்கிறார்கள். நான் பள்ளிக்குப் போகும்போது தினமும் அதைப் பேருந்திலிருந்து பார்த்திருக்கிறேன், அதுவென்று தெரியாமல். கடைகளில் பெருவிலைக்கு எங்களுக்குக் காட்டப்பட்ட பிரேசில் நாட்டு உபதுபாப் பச்சையும் இதே சார்னோக்கைட் இனம்தான் என்று பிறகு படித்தபோது மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

"அப்ப மெருகு போடச் சொல்லுங்க" என்றாள்.

நானும் அதைத்தான் நினைத்திருந்தேன். நான்கு மாதம் கடைகடையாகத் தேடிய பச்சை, நாங்கள் விற்ற வீட்டிலேயே இருந்திருக்கிறது என்ற பரவசத்தில் வேறெதையும் யோசிக்கவில்லை. அம்மாவிடம் சொல்லவில்லை, நிறுத்தி முடித்தபின் கையைப் பிடித்து அழைத்துப்போய்த் தொடவைக்க வேண்டும் என்று ஆசை. அவளை ஒரு வாரம் தங்கை வீட்டுக்கு அனுப்பினேன். தரையை அறுத்து அடித்தளம் போட்டார்கள். அடிப்பீடம் தூணைவிட ஓர் அங்குலமும் வெளியே நீளக்கூடாது, கால் இடறும் என்பதை மட்டும் மறக்காமல் சொன்னேன். மேலே பழைய மரப்போதிகையும் ஓர் உத்தரத் துண்டும் வைத்துக் கூரையோடு இணைத்தார்கள். பிறகு மெருகு போடுகிறவர் வந்தார். முதலில் சொரசொரப்பான சக்கரத்தால் உளிப்புள்ளிகளையும் மேடுபள்ளங்களையும் சீவி எடுத்தார். அதன்பின் ஐம்பதாம் எண் வட்டில் தொடங்கி மூவாயிரம் வரை, தண்ணீர் விட்டுவிட்டு, நான்கு முகங்களையும் தேய்த்தார். முழங்கால் உயரத்தில் ஒரு தடம் போல இருந்ததாகவும், அதைச் சமன்செய்யத்தான் நேரம் பிடித்ததாகவும் சொன்னார். மாலையில் ஒரு தூண் முடிந்தது. விளக்கைப் போட்டோம். கூடத்தின் ஜன்னல் அதில் பச்சையாகத் தெரிந்தது. ஹகியா சோபியாவெல்லாம் எனக்கு அந்த நேரத்தில் ஒரு பொருட்டாக இல்லை.

"அடுத்ததுல சுண்ணாம்புக் கறை பிடிச்சிருக்கு சார். நாளைக்கு ஆசிட் ஊத்திக் கழுவிட்டு ஆரம்பிக்கறேன்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அன்றிரவே தங்கை அம்மாவைக் கொண்டுவந்து விட்டுவிட்டாள். ஒரு வாரம் தாங்கவில்லை, வீட்டுக்குப் போக வேண்டும் என்று நச்சரித்தாளாம். எந்த வீட்டைச் சொன்னாள் என்று தெரியவில்லை. நான் கையைப் பிடித்து மெருகிட்ட தூணிடம் அழைத்துப்போய், "இது என்ன சொல்லு பாப்போம்" என்றேன். அம்மா உள்ளங்கையை வைத்தாள். கை வழுக்கிக் கீழே இறங்கிற்று. மறுபடி வைத்தாள். குனிந்து முழங்கால் உயரத்தில் விரலால் தேடினாள். நான்கு பக்கமும் தேடினாள்.

"நல்லா இருக்குடா. யார் வீட்டுத் தூண் இது?"

நம் வீட்டுத் தூண் என்றேன். அவள் நம்பவில்லை. நம் வீட்டுத் தூணில் ஒவ்வொன்றுக்கும் அடையாளம் உண்டு என்றாள். எனக்கு ஐம்பத்தெட்டு வயது. அன்றுதான் அந்தப் பெயர்களைக் கேட்கிறேன். அடுப்படி வாசலில் இருந்தது கயிற்றுத் தூண். என் பாட்டியும் பாட்டியின் மாமியாரும் மத்துக் கட்டித் தயிர் கடைந்த கயிறு அறுத்த தடம் அதில் உண்டு. உட்கார்ந்து கடைவதால் முழங்கால் உயரத்தில். அதைத் தொட்டதும் வலப்பக்கம் திரும்பினால் அரிசிப் பானை. முற்றத்தின் வடமேற்கில் இருந்தது விளக்குத் தூண். புகை படிந்து அங்கே மட்டும் கல் பிசுபிசுக்கும். திண்ணைக் கதவை ஒட்டி இருந்தது சுண்ணாம்புத் தூண். தாத்தாவும் அவரைப் பார்க்க வந்தவர்களும் வெற்றிலை போட்டுவிட்டு விரலில் மிஞ்சிய சுண்ணாம்பைத் துடைத்துத் துடைத்து அங்கே ஒரு மேடே உண்டாகியிருக்கும். மருமகளாக வந்த புதிதில் அதைச் சுரண்டிக் கழுவுவது அவள் வேலையாம். மறுநாளே திரும்ப வெள்ளையாகிவிடுமாம்.

நான் அவளை மெதுவாக அடுத்த தூணுக்கு அழைத்துப்போனேன். தோள் உயரத்தில் அவள் விரல்கள் நின்றன. நகத்தால் சுரண்டினாள். விரலை மூக்கருகே கொண்டுபோனாள். இத்தனை வருடத்துச் சுண்ணாம்பில் என்ன மணம் இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியவில்லை.

"உங்க தாத்தாவுக்குத் துண்டுல துடைக்கத் தெரியாது" என்றாள்.

காலையில் மெருகு போடுகிறவர் ஆசிட் குப்பியோடு வந்தபோது வாசலிலேயே நிறுத்திப் பேசிய கூலியைக் கொடுத்து அனுப்பிவிட்டேன். ஒன்று பளபளக்க ஒன்று பாதியில் நின்றால் தன் வேலைக்குத்தான் கெட்ட பெயர் என்று வருத்தப்பட்டார். வாங்கியவருக்கு அன்றே தொலைபேசி செய்தேன். மீதி ஆறு தூண்களில் நான்கை வேலிக்கால்களாக நட்டுவிட்டதாகவும், இரண்டை யாரோ கேட்டு எடுத்துப்போய்விட்டதாகவும் சொன்னார். விளக்குத் தூண் எதுவென்று அவருக்கு எப்படித் தெரியும்?

அம்மா இப்போது மறுபடி நடக்கிறாள். நாற்காலியிலிருந்து எழுந்து சுண்ணாம்புத் தூணைப் பிடித்துக்கொண்டு, அங்கிருந்து நேரே அடுப்படி வாசலுக்கு எட்டடி எண்ணி வைக்கிறாள். வழியில் இருக்கும் பச்சைத் தூணை அவள் தொடுவதில்லை; புதிதாக வந்து தங்கியிருக்கும் விருந்தாளியைச் சுற்றிப் போவதுபோல ஒதுங்கிப் போகிறாள். வீட்டுக்கு வருகிறவர்கள் அதைத்தான் தடவிப் பார்க்கிறார்கள். எங்கே வாங்கியது, எந்த நாட்டுக் கல் என்று கேட்கிறார்கள். மற்றதை ஏன் இப்படியே விட்டுவிட்டீர்கள் என்று கேட்காதவர்கள் குறைவு.

என் மனைவி முந்திக்கொண்டு, "காசு தீர்ந்துபோச்சு" என்று சொல்லிவிடுவாள்.